வழக்கில் விடுதலையான அரசு ஊழியருக்குச் சம்பள பாக்கி: சேலத்தில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

குற்ற வழக்கில் சிக்கி, சஸ்பெண்ட் ஆகி, ஆண்டுக்கணக்கில் அஸ்தம்பட்டி நீதிமன்ற வளாகத்துக்கு நடந்து, கடைசியில் விடுதலை பெற்றவர்கள் கேட்கும் சந்தேகங்கள் பெரும்பாலும் ஒன்றுபோலவே இருக்கின்றன. அவற்றைக் கேட்டவர்கள் கேட்டபடியே தொகுத்திருக்கிறோம். சேலம் மாவட்டத்தில் வேலை பார்க்கும் தமிழ்நாடு அரசு ஊழியர்களை மனத்தில் வைத்து எழுதியது இது. ரயில்வே, அஞ்சல், பேருந்துக் கழகம், கூட்டுறவுச் சங்க ஊழியர்கள் 19-ஆம் கேள்வியை முதலில் பார்த்துவிட்டு வரவும்.

1. "கோர்ட்டுல விடுதலை ஆயிட்டேன். இனி சம்பள பாக்கி தானா வந்துடும்ல?"

தானாக வராது. தீர்ப்பு உங்களைக் குற்றச்சாட்டிலிருந்து விடுவிக்கிறது, அவ்வளவுதான். அதை வைத்துக் கருவூலம் பணம் தராது. பணம் கைக்கு வர மூன்று தாள்கள் வேண்டும்: நீதிமன்றத் தீர்ப்பு, மீண்டும் பணியில் சேர்க்கும் ஆணை, சஸ்பெண்ட் காலத்தை எப்படிக் கருதுவது என்று சொல்லும் ஆணை. மூன்றாவதை அலுவலகங்களில் வரன்முறை ஆணை என்பார்கள். பணத்துக்கான ஆணை அதுதான்.

தமிழ்நாடு அரசின் அடிப்படை விதி 54-பி, உட்பிரிவு (1) இதைக் கட்டாயமாக்குகிறது. உங்களைத் திரும்ப எடுக்கும் அதிகாரி, அந்தக் காலத்துக்கு எவ்வளவு சம்பளம், அந்தக் காலம் பணிக்காலமா இல்லையா என்ற இரண்டையும் பரிசீலித்துக் குறிப்பான ஆணை போட வேண்டும். நடைமுறையில் பணியில் சேர்க்கும் ஆணையின் கடைசியில் "தற்காலிகப் பணிநீக்கக் காலம் குறித்துத் தனியே ஆணை பிறப்பிக்கப்படும்" என்று ஒரு வரி இருக்கும். அந்தத் தனி ஆணை வராமலே பலர் ஓய்வு பெற்றுவிடுகிறார்கள். பணியில் சேர்ந்த வாரத்திலேயே அதைக் கேட்டு எழுதுங்கள்.

2. "54, 54-ஏ, 54-பின்னு மூணு சொல்றாங்க. எனக்கு எது?"

சஸ்பெண்டில் மட்டும் இருந்து திரும்பியவருக்கு 54-பி. பணியிலிருந்து நீக்கப்பட்டு, துறைக்குள்ளேயே மேல்முறையீடு அல்லது சீராய்வில் திரும்ப எடுக்கப்பட்டவருக்கு 54. நீக்கிய ஆணையை நீதிமன்றம் ரத்து செய்து அதனால் திரும்பியவருக்கு 54-ஏ.

முதலில் சஸ்பெண்ட், பிறகு பணிநீக்கம் என்று இரண்டும் நடந்திருந்தால் காலமும் இரண்டு, விதியும் இரண்டு. அலுவலகம் பணிநீக்கக் காலத்துக்கு மட்டும் ஆணை போட்டுவிட்டு சஸ்பெண்ட் காலத்தை விட்டுவிடுவது அடிக்கடி நடக்கிறது. மனுவில் இரண்டு காலத்தையும் தேதியோடு தனித்தனியே எழுதுங்கள்.

3. "முழுச் சம்பளம் யாருக்கு, குறைச்சுத் தர்றது யாருக்கு?"

54-பி(3)-இன்படி, உங்களை சஸ்பெண்ட் செய்தது முற்றிலும் நியாயமற்றது என்று அதிகாரி கருதினால் முழுச் சம்பளமும் படிகளும் தர வேண்டும். சஸ்பெண்டே ஆகாமல் இருந்திருந்தால் என்ன கிடைத்திருக்குமோ அதுதான் அளவு. அந்தக் காலம் எல்லாவற்றுக்கும் பணிக்காலம் ஆகிவிடும். ஆண்டு ஊதிய உயர்வு, விடுப்புக் கணக்கு, ஓய்வூதியம் எல்லாம் அதோடு சேர்ந்து சரியாகும். வழக்கு இழுத்ததற்கு நேரடியாக நீங்களே காரணம் என்றால் மட்டும், உங்களிடம் விளக்கம் கேட்ட பிறகு, அந்த இழுத்த காலத்துக்குக் குறைக்கலாம்.

அப்படிக் கருதாவிட்டால் 54-பி(5). அதில் முழுத்தொகைக்குக் குறைவாகத் தீர்மானிக்கலாம், ஆனால் ஏற்கெனவே கொடுத்த பிழைப்பூதியத்துக்கு (சஸ்பெண்ட் காலத்தில் மாதாமாதம் தரும் குறைந்த தொகை) கீழே போகக்கூடாது. எவ்வளவு தர உத்தேசம் என்று முன்கூட்டியே அறிவிப்புக் கொடுத்து, பதில் சொல்ல 60 நாளுக்கு மேற்படாத அவகாசம் தந்து, உங்கள் பதிலைப் பரிசீலித்த பிறகே ஆணை போட வேண்டும். இந்த அறிவிப்பே இல்லாமல் "பிழைப்பூதியத்தோடு நிறுத்திக்கொள்ளப்படுகிறது" என்று வருகிற ஆணைகள் ஏராளம். உயர் நீதிமன்றத்தில் நிற்காமல் போவது பெரும்பாலும் இந்த ஆணைகள்தான்.

இந்த (5)-இல் வரும் காலம், அதிகாரி குறிப்பாகச் சொன்னாலன்றிப் பணிக்காலம் ஆகாது. நீங்கள் விரும்பினால் உங்கள் கணக்கில் இருக்கும் விடுப்பாக மாற்றிக்கொள்ளலாம். அவசரப்பட்டு அந்தச் சம்மதக் கடிதத்தில் கையெழுத்துப் போடாதீர்கள். சேர்த்துவைத்த ஈட்டிய விடுப்பும் கரையும், குறைத்துக் கொடுத்ததை ஏற்றுக்கொண்டீர்கள் என்ற வாதத்துக்கும் இடமாகும். கொடுத்தே ஆகவேண்டிய நிலை வந்தால் "முழுச் சம்பளம் கோரும் என் உரிமைக்குப் பாதகமின்றி" என்ற வரியைச் சேர்த்துக் கொடுங்கள்.

4. "தீர்ப்புல 'சந்தேகத்தின் பலன்'னு போட்டுட்டாங்க. அப்ப ஒண்ணும் கிடைக்காதா?"

அந்தச் சொல்லோடு எல்லாம் முடிந்துவிடாது. ஆனால் அலுவலகம் முதலில் பிடித்துக்கொள்வது அதைத்தான். கௌரவமான விடுதலை என்றால் என்ன என்பதை உச்ச நீதிமன்றம் தமிழ்நாடு காவல் துறை சார்ந்த ஒரு வழக்கில் 2012-இல் விளக்கியது, (2013) 1 எஸ்.சி.சி. 598 (எஸ்.சி.சி. என்பது உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளின் தொகுப்பு; ஆண்டு, தொகுதி, பக்கம் என்ற வரிசை). அரசுத் தரப்புச் சாட்சியங்களை முழுமையாகப் பரிசீலித்து, குற்றச்சாட்டை நிரூபிக்கவே முடியவில்லை என்று சொல்லி விடுவிப்பது கௌரவமான விடுதலை. முக்கியச் சாட்சிகள் பிறழ்ந்ததால் வழக்கு விழுந்தது என்பது அந்த வகையில் சேராது.

இதற்கு ஈடுகொடுக்கிற தீர்ப்பு 2023 டிசம்பரில் வந்தது, ராஜஸ்தான் காவலர் ஒருவருடைய வழக்கில். ‘சந்தேகத்தின் பலன்’, ‘கௌரவமான விடுதலை’ போன்ற சொற்களை மந்திரம்போல் எடுத்துக்கொள்ளக் கூடாது, தீர்ப்பின் உள்ளடக்கத்தைப் பார்க்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அவருக்கு வேலையும் 50 விழுக்காடு பின்சம்பளமும் கிடைத்தன. ஆகவே கடைசிப் பக்கத்தோடு நிறுத்தாமல் தீர்ப்பு முழுவதையும் படியுங்கள். "புகார்தாரர் சொன்ன நேரத்தில் எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்) அந்த இடத்திலேயே இல்லை", "ஆவணம் திருத்தப்பட்டிருக்கிறது" என்பதுபோல நீதிபதி கண்டறிந்த பத்திகளை எண்ணோடு மனுவில் எடுத்து எழுதுங்கள். "சந்தேகத்தின் பலன்" என்ற வரிக்கு முன்னால் இருக்கும் பத்திகள்தான் உங்கள் பலம்.

விசாரணை நடக்கும்போதே வழக்கறிஞரிடம் சொல்லிவைக்க வேண்டிய ஒன்றும் உண்டு. சாட்சி பிறழ்ந்தாலும், அதோடு விட்டுவிடாமல், எதிர்த்தரப்பு ஆவணங்களின் குறைகளையும் வாதத்தில் பதிவு செய்யச் சொல்லுங்கள். விடுதலை எப்படியும் வந்துவிடும் என்று விட்டுவிட்டால், பின்னால் சம்பளம் கேட்கும்போது கையில் ஒரு பத்திகூட இருக்காது.

5. "தீர்ப்பு வந்ததும் முதல்ல என்ன செய்யணும்?"

அன்றைக்கே நகல் மனு போடுங்கள். சான்றிட்ட நகல் குறைந்தது இரண்டாவது கையில் வேண்டும். இணையத்தில் எடுத்த பிரதியை அலுவலகம் ஏற்காது. பல எதிரிகள் இருந்த வழக்கில் உங்கள் பெயரும் எதிரி எண்ணும் சரியாக இருக்கிறதா என்று பாருங்கள். பிழையிருந்தால் திருத்தம் கேட்கவும்.

சான்றிட்ட நகலோடு பணியில் சேர்க்கக் கோரும் கடிதத்தைத் தாமதிக்காமல் கொடுங்கள். விடுதலை ஆன தேதிக்கும் நீங்கள் கேட்ட தேதிக்கும் இடையிலான நாள்கள் உங்கள் கணக்கில் எழுதப்படும். கேட்ட பிறகு ஆகும் தாமதம் அவர்கள் கணக்கில். 10-ஆம் கேள்விக்கு வரும்போது இந்தத் தேதி ஏன் இவ்வளவு முக்கியம் என்பது தெரியும்.

6. "மனு யாருக்கு எழுதணும், என்னென்ன கேக்கணும்?"

உங்களைத் திரும்பப் பணியில் எடுத்த அதிகாரிக்கு எழுதுங்கள். அவர் ஆர்.டி.ஓ.வாக இருக்கலாம், கலெக்டராக, எஸ்.பி.யாக, முதன்மைக் கல்வி அலுவலராக இருக்கலாம். நேரடி மேலதிகாரி வழியாகப் போகட்டும், ஆனால் முன்நகல் ஒன்றை ஆணை போட வேண்டிய அதிகாரிக்கே அனுப்புங்கள். தபால் பிரிவில் கொடுத்து முத்திரையும் தேதியும் வாங்குங்கள், அல்லது ஒப்புகை அட்டையோடு தபாலில் அனுப்புங்கள். வாய்ச் சொல்லாக "பார்த்துக்கலாம்" என்றதற்கு எந்தப் பதிவும் இல்லை.

கேட்க வேண்டியவற்றைப் பிரித்து எழுத வேண்டும். 54-பி(1)-இன்கீழ் குறிப்பான ஆணை, (3)-இன்படி முழுச் சம்பளமும் படிகளும், பணிக்காலமாகக் கருதுதல், விடுபட்ட ஊதிய உயர்வுகள், இடையில் வந்த ஊதியத் திருத்தத்தின்படி மறுநிர்ணயம், பணிப்பதிவேட்டில் பதிவு. கடைசியாக, "குறைத்துத் தர உத்தேசித்தால் (5)-இன்படி அறிவிப்புத் தந்து என் விளக்கத்தைக் கேட்க வேண்டும்" என்று ஒரு வரி. "எனக்குச் சேர வேண்டிய பலன்களை வழங்குமாறு" என்று மொத்தமாக எழுதினால் பதிலும் மொத்தமாகவே வரும்.

இணைக்க வேண்டியவை: தீர்ப்பின் சான்றிட்ட நகல், சஸ்பெண்ட் ஆணை, பணியில் சேர்த்த ஆணை, பணியில் சேர்ந்த அறிக்கை, மாதவாரியாகப் பிழைப்பூதியம் வாங்கிய விவரம், அந்தக் காலத்தில் வேறு வேலை பார்க்கவில்லை என்று கொடுத்த சான்றுகளின் நகல்.

7. "எவ்வளவு வரும்னு நாமளே கணக்குப் போட முடியுமா?"

போட முடியும். போட்டும் வைக்க வேண்டும். ஒரு எடுத்துக்காட்டு: 2020 ஜனவரி முதல் 2021 டிசம்பர் வரை 24 மாதம் சஸ்பெண்ட், அடிப்படை ஊதியம் 40,000 ரூபாய், அகவிலைப்படி 17 விழுக்காடு. மாதம் 46,800. அரைச் சம்பள விடுப்பு அளவில் பிழைப்பூதியம் 20,000-ம் அதற்கு அகவிலைப்படி 3,400-ம் சேர்த்து 23,400. ஊதிய உயர்வு 2021 ஜனவரி 1-இல் என்றால், 3 விழுக்காடு கூட்டி அடிப்படை 41,200, அகவிலைப்படியோடு 48,204.

முதல் ஆண்டுக்குச் சேர வேண்டியது 5,61,600. இரண்டாம் ஆண்டுக்கு 5,78,448. மொத்தம் 11,40,048. வாங்கிய பிழைப்பூதியம் 24 மாதத்துக்கு 5,61,600. மீதி 5,78,448. ஊதிய உயர்வை விட்டுவிட்டுக் கணக்குப் போட்டால் 16,848 ரூபாய் குறையும். அதைவிடப் பெரிய இழப்பு, அடுத்து வரும் எல்லா மாதங்களிலும் அடிப்படை ஊதியம் ஒரு படி கீழேயே நிற்பது. பிழைப்பூதியம் இடையில் மறுபரிசீலனையில் கூட்டப்பட்டிருந்தால் கழிக்கும் தொகை அதிகமாகும். வீட்டு வாடகைப்படி முழுதாக வந்ததா என்பதைத் தனியே பாருங்கள்.

8. "இடையில பே கமிஷன் வந்துது, டி.ஏ. மாறிச்சு. அதெல்லாம் எப்படி?"

அந்தந்த மாதத்தில் நடப்பில் இருந்த விகிதம்தான். இங்கே இரண்டு பொறிகள். தமிழ்நாட்டில் 2017-ஆம் ஆண்டு ஊதியத் திருத்தம் 2016 ஜனவரி 1 முதல் கருத்தியலாகவும் (கணக்கில் மட்டும்), 2017 அக்டோபர் 1 முதல்தான் பணப்பயனாகவும் நடைமுறைக்கு வந்தது. 2015-இல் சஸ்பெண்ட் ஆனவருக்கு 2016 ஜனவரியில் புதிய ஊதியம் நிர்ணயிக்க வேண்டும், ஆனால் 2017 செப்டம்பர் வரை பணம் பழைய விகிதத்தில்தான். இந்த 21 மாதத்தையும் புதிய விகிதத்தில் கேட்டால் பட்டியல் திரும்பி வரும்.

இரண்டாவது, அகவிலைப்படி முடக்கம். தமிழ்நாட்டில் 17 விழுக்காடு 2021 டிசம்பர் வரை அப்படியே நின்று, 2022 ஜனவரி 1 முதல் 31 விழுக்காடானது. மத்திய அரசு 2021 ஜூலையிலேயே உயர்த்திவிட்டதால் பலர் மத்திய அட்டவணையைப் பார்த்து ஏமாறுகிறார்கள்.

9. "ஏற்காட்டுல வேலை பாத்தப்ப சஸ்பெண்ட் பண்ணாங்க. மலைப்படியும் சேருமா?"

54-பி(3)-இல் முழுச் சம்பளம் என்றால் படிகளும் சேர்த்துத்தான். ஆனால் ஒவ்வொரு படிக்கும் உரிய நிபந்தனை நிறைவேறியிருக்க வேண்டும். மலைப்படி, மலைப்பகுதியில் பணிபுரிவதை ஒட்டியது. சஸ்பெண்ட் ஆணையில் உங்கள் தலைமையிடம் எது என்று எழுதியிருக்கும், அனுமதியின்றி அதைவிட்டுப் போகக்கூடாது என்றும் இருக்கும். அது ஏற்காடு என்று இருந்து, நீங்கள் அங்கேயே குடியிருந்தீர்கள் என்றால் கோரிக்கை வலுவானது. வாடகை ரசீது, ரேஷன் அட்டை, பிள்ளைகளின் பள்ளிச் சான்று ஆகியவற்றை இணையுங்கள்.

தலைமையிடத்தைச் சேலத்துக்கு மாற்றியிருந்தாலோ, நீங்களே கீழே இறங்கி வந்து தங்கியிருந்தாலோ அலுவலகம் மறுக்கும். அப்போதும் "சஸ்பெண்ட் ஆகாமல் இருந்திருந்தால் ஏற்காட்டிலேயே பணியாற்றியிருப்பேன்" என்று (3)-இன் அளவுகோலை வைத்துக் கேட்கலாம். ஆனால் இந்தத் தகராறுக்காக அடிப்படைச் சம்பளப் பட்டியல் நிற்க விடாதீர்கள். அதைத் தனிக் கோரிக்கையாகப் பிரித்துவிடுங்கள்.

10. "கேஸ் போட்டது பக்கத்து வீட்டுக்காரர், டிபார்ட்மென்ட் இல்லை. அதனால குறைப்பாங்களா?"

குறைக்க முயல்வார்கள். அதற்கு அவர்கள் காட்டும் தீர்ப்பு (2004) 1 எஸ்.சி.சி. 121. துறைக்குத் தொடர்பில்லாத குற்ற வழக்கில் ஊழியர் சிக்கி, கீழ்நீதிமன்றத்தில் தண்டனை பெற்று, உயர் நீதிமன்றத்தில் விடுதலையானார். அவரால் வேலைக்கு வர முடியாமல் போனதற்குத் துறை காரணமல்ல, ஆகவே விடுதலை ஆன தேதியிலிருந்துதான் சம்பளம் என்றது உச்ச நீதிமன்றம். துறையே வழக்குத் தொடுத்திருந்தால் நிலைமை வேறாக இருக்கலாம் என்றும் அதே தீர்ப்பில் இருக்கிறது. (2019) 5 எஸ்.சி.சி. 809-இலும் விடுதலை ஆன நாள் முதல் பணியில் சேர்த்த நாள் வரையிலான சம்பளம் தரப்பட்டது. விடுதலை ஆன பிறகும் சேர்க்காமல் வைத்திருந்த காலத்துக்குச் சம்பளத்தை மறுக்க முடியாது. 5-ஆம் கேள்வியில் தேதியை வலியுறுத்தியது இதற்காகத்தான்.

ஆனால் அந்த வழக்குகளில் இடையில் தண்டனையும் பணிநீக்கமும் இருந்தன. உங்களுக்குத் தண்டனையே இல்லை, விசாரணை நீதிமன்றத்திலேயே விடுதலை, ஜாமீனில் வெளியே வந்து வேலைக்குத் தயாராக இருந்தீர்கள், துறைதான் சஸ்பெண்டைத் தொடர்ந்தது என்றால் உங்கள் நிலை வேறு. இந்த வேறுபாட்டை மனுவிலேயே எழுதுங்கள். (1984) 2 எஸ்.சி.சி. 433-இல், மேல்முறையீட்டில் விடுதலையான எழுத்தர் ஒருவருக்கு முழுச் சம்பளம் தரவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருப்பதையும் காட்டலாம். சிறையில் இருந்த நாள்களுக்குத்தான் துறையின் வாதம் வலுவாக இருக்கும். அந்த நாள்களை எண்ணித் தனியே காட்டினால், மீதிக் காலமும் அதோடு சேர்ந்து போகாது.

11. "48 மணி நேரத்துக்கு மேல உள்ள வச்சதால தானாவே சஸ்பெண்ட்னாங்க. பெயில் கிடைச்சதும் அது முடிஞ்சிருக்கணும்ல?"

முடியாது. ஒழுங்கு நடவடிக்கை விதிகளில் 17(இ)-இன்படி 48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தால் சஸ்பெண்ட் ஆனதாகவே கருதப்படும். ஜாமீன் வந்தாலும் அதிகாரி ரத்து செய்யும்வரை அது தொடரும். ஜாமீன் கிடைத்த அன்றே சஸ்பெண்டை மறுபரிசீலிக்கக் கோரி எழுதுங்கள். பின்னால் 54-பி ஆணை வரும்போது, நீங்கள் வேலைக்குத் தயாராக இருந்ததற்கு அந்தக் கடிதம் சாட்சி.

வழக்கு நீளும் என்று தெரிந்தால் (2015) 7 எஸ்.சி.சி. 291 தீர்ப்பைக் காட்டி, வேறு இடத்தில், முக்கியத்துவமற்ற பதவியிலாவது பணியமர்த்தக் கேட்கலாம். குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுக்காமல் மூன்று மாதத்துக்கு மேல் சஸ்பெண்டை நீட்டக்கூடாது என்கிறது அது. ஆனால் மூன்று மாதம் ஆனதும் தானாக ரத்தாகிவிட்டது என்று எண்ணி வேலைக்குப் போய் நிற்க வேண்டாம்.

12. "கீழ்க்கோர்ட்டுல தண்டனை, உடனே டிஸ்மிஸ். ஹைகோர்ட்டுல விடுதலை. இப்ப என்ன நிலைமை?"

தண்டனையை மட்டும் அடிப்படையாக வைத்து நீக்கியிருந்தால், தண்டனை போனதும் அந்த அடிப்படையும் போகிறது. தமிழ்நாட்டிலிருந்து போன வழக்கில், (1995) 3 எஸ்.சி.சி. 377, மேல்முறையீடு நிலுவையில் இருந்தாலும் தண்டனை பெற்றவரை நீக்கலாம் என்ற உச்ச நீதிமன்றம், பின்னர் விடுதலையானால் அந்த ஆணையைத் திருத்தலாம், திரும்ப எடுக்கப்பட்டால் பணியில் தொடர்ந்திருந்தால் கிடைத்திருக்கும் பலன்கள் எல்லாம் உண்டு என்றும் சொல்லியிருக்கிறது. அலுவலகம் முதல் பாதியைத்தான் மேற்கோள் காட்டும். இரண்டாம் பாதியை நீங்கள் காட்டுங்கள். துறை 10-ஆம் பதிலில் உள்ள தீர்ப்பைக் கொண்டுவரும், அதற்கும் தயாராக இருங்கள்.

13. "கேஸ் முடிஞ்சிருச்சு. ஆனா 17-பி சார்ஜ் மெமோ நிலுவைல இருக்கே?"

இரண்டும் வேறு. 17-பி என்பது பெரிய தண்டனை தரக்கூடிய துறை விசாரணைக்கான குற்றச்சாட்டுக் குறிப்பாணை. குற்ற வழக்கில் ஐயமற நிரூபிக்க வேண்டும், துறை விசாரணையில் நிகழ்தகவு போதும். ஆகவே விடுதலையானாலும் 17-பி தொடரலாம். அது முடியும்வரை வரன்முறை ஆணையைத் தள்ளிவைப்பார்கள். ஒரே சம்பவம், ஒரே சாட்சிகள், ஒரே ஆவணங்கள், நீதிமன்றம் அவற்றை அலசி நிராகரித்துவிட்டது என்றால் (1999) 3 எஸ்.சி.சி. 679-ஐக் காட்டிக் குறிப்பாணையைக் கைவிடக் கேட்கலாம். நீதிமன்றத்தில் இல்லாத தனிக் குற்றச்சாட்டு, அதாவது தகவல் தெரிவிக்காதது, அனுமதியின்றி வராமல் இருந்தது போன்றவை இருந்தால் அதற்குத் தனியாக விளக்கம் கொடுத்து முடிப்பதே வேகமான வழி.

14. "அரசு அப்பீல் போகப் போகுது, அதுவரை தர முடியாதுன்னு சொல்றாங்க."

அப்பீல் போகப் போகிறது என்பதால் மட்டும் தீர்ப்பு நிற்காது. தடையாணை இருக்கிறதா என்று எழுத்தில் கேளுங்கள். இல்லையென்றால் விடுதலை நடப்பில் இருக்கிறது. அப்பீல் முடிவுக்குக் கட்டுப்படுவேன் என்று உறுதிமொழி கொடுத்து ஆணை பெறுவது நடைமுறையில் பலருக்கு வழிவிட்டிருக்கிறது. அப்பீல் உண்மையிலேயே தாக்கலாகியிருக்கிறதா என்பதை உயர் நீதிமன்ற இணையதளத்தில் நீங்களே பார்க்கலாம்.

15. "லஞ்ச வழக்குல விடுதலை. அதுக்கும் முழுச் சம்பளமா?"

மிகக் கடினமான வகை இது. உண்மையைச் சொல்லிவிடுவதே நல்லது. லஞ்சம், கையாடல் வழக்குகளில் விடுதலையானதால் மட்டுமே முழுப் பின்சம்பளம் என்ற உரிமை வந்துவிடாது என்று (1997) 3 எஸ்.சி.சி. 636 முதல் 10-ஆம் பதிலில் சொன்ன 2019-ஆம் ஆண்டுத் தீர்ப்பு வரை உச்ச நீதிமன்றம் சொல்லிவருகிறது. தீய நோக்கத்தோடு தொடுத்த வழக்கு என்று காட்ட முடிந்தால் விதிவிலக்கு. பணம் கேட்டதே நிரூபிக்கப்படவில்லை என்று நீதிபதி தெளிவாக எழுதியிருந்தால் 4-ஆம் பதிலின் வழி திறக்கிறது. புகார்தாரர் பிறழ்ந்ததால் மட்டும் விடுதலை என்றால் 54-பி(5)-இன் அறிவிப்பு நடைமுறையைச் சரியாகப் பின்பற்ற வைத்து, பணிக்காலமாகவாவது கருதச் சொல்லிப் போராடுவதே பயனுள்ளது. ஓய்வூதியத்துக்கு அந்த ஆண்டுகள் தேவை.

16. "ராஜி ஆயிட்டோம், கேஸை முடிச்சுக்கிட்டோம். அதுவும் விடுதலைதானே?"

சட்டப்படி, சமரசம் ஏற்கப்பட்டால் விடுதலைக்குச் சமம்தான். ஆனால் சாட்சியம் எதையும் நீதிமன்றம் பார்க்கவில்லை என்பதால் கௌரவமான விடுதலையாக அலுவலகம் ஏற்காது. வழக்கையே உயர் நீதிமன்றம் ரத்து செய்திருந்தால் காரணம் முக்கியம்: புகாரில் குற்றமே இல்லை என்று ரத்தானது பலமானது, ராஜியை ஏற்று ரத்தானது பலவீனமானது. நன்னடத்தைச் சட்டத்தின்கீழ் விடப்பட்டவருக்கு இந்தப் பக்கத்தில் உள்ளது எதுவும் பொருந்தாது. அதில் குற்றம் நிரூபணமாகிவிட்டது.

17. "வழக்கு நடக்கறப்பவே ரிட்டயர்மென்ட் வயசு வந்துடுச்சு. அவர் இறந்துட்டா குடும்பத்துக்கு?"

சஸ்பெண்டில் இருப்பவரை, அடிப்படை விதி 56(1)(சி)-இன்படி, ஓய்வுபெற அனுமதிக்காமல் வைத்திருப்பார்கள். விடுதலைக்குப் பிறகு ஓய்வுபெற அனுமதிக்கும் ஆணையும் 54-பி ஆணையும் இரண்டும் வேண்டும். பிந்தையது இல்லாமல் ஓய்வூதியக் கருத்துரு அனுப்பினால் தகுதியான பணிக்காலம் குறைந்தே நிர்ணயமாகும். பணிக்கொடையிலும் அது தெரியும்.

வழக்கோ துறை விசாரணையோ முடியும் முன்பே ஊழியர் இறந்துவிட்டால் 54-பி(2) குடும்பத்துக்குத் துணை. சஸ்பெண்ட் ஆன நாள் முதல் இறந்த நாள் வரை பணிக்காலமாகக் கருதி, பிழைப்பூதியம் போக மீதி முழுச் சம்பளத்தையும் குடும்பத்துக்குத் தர வேண்டும். தீர்ப்பு வராமல் போயிற்றே என்று பல குடும்பங்கள் கேட்காமலே விட்டுவிடுகின்றன. தயவுசெய்து கேளுங்கள். இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, சஸ்பெண்ட் ஆணை ஆகியவற்றோடு மனு போதும்.

18. "மொத்தமா பணம் வந்தா வரி மொத்தமா போயிடுமே?"

வருமான வரிச் சட்டம் 1961-இன் 89-ஆம் பிரிவு நிவாரணம் இதற்காகவே இருக்கிறது. நிலுவையை அந்தந்த ஆண்டுக்குப் பிரித்து வரி கணக்கிட்டு, கூடுதல் சுமையைக் கழிக்கலாம். படிவம் 10-ஈ-ஐ இணையத்தில் முதலில் தாக்கல் செய்துவிட்டுத்தான் வரிக் கணக்கைத் தாக்கல் செய்ய வேண்டும். வரிசை மாறினால் நிவாரணம் மறுக்கப்பட்டு அறிவிப்பு வரும். 2025-ஆம் ஆண்டுப் புதிய சட்டத்திலும் நிவாரணம் தொடர்கிறது, பிரிவு எண் வேறு. இதற்கு ஆண்டுவாரியான பிரிப்பு வேண்டும் என்பதால், நிலுவைப் பட்டியல் தயாராகும்போதே சம்பளம் வழங்கும் அலுவலரிடம் அதன் நகலை வாங்கிவிடுங்கள்.

19. "நான் ஸ்டேட் கவர்மென்ட் இல்லை. எனக்கும் இதேதானா?"

சேலம் ரயில்வே கோட்டம், அஞ்சல் துறை ஊழியர்களுக்குக் கிட்டத்தட்ட இதே விதிகள், ரயில்வேயில் எண் மட்டும் வேறு. தகராறு போவது மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்கு. அங்கே ஓராண்டுக் காலவரம்பு உண்டு, அதைத் தவற விடாதீர்கள். மத்திய அரசு ஊழியருக்கு இன்னொரு சாதகமும் உண்டு: துறை நடவடிக்கை சிறு தண்டனையோடு முடிந்தால் சஸ்பெண்ட் முற்றிலும் நியாயமற்றது என்று கருதி முழுச் சம்பளம் தரவேண்டும் என்ற 1985 டிசம்பர் 3-ஆம் தேதியிட்ட குறிப்பாணை.

அரசுப் பேருந்துக் கழகத் தொழிலாளர்களுக்கு நிலையாணைகளும் தொழிலாளர் சட்டமும். சேலம் தொழிலாளர் நீதிமன்றம்தான் இடம். அடிப்படை விதிகளை அங்கே நேரடியாகக் காட்ட முடியாது. கூட்டுறவுச் சங்கச் செயலாளர்கள், விற்பனையாளர்களுக்குச் சங்கத்தின் துணைவிதிகளும் 1983-ஆம் ஆண்டுச் சட்டமும் பொருந்தும். உயர் நீதிமன்றத்துக்கு நேரே போவதற்கு முன் பதிவாளரிடம் சீராய்வு மனு போடும் வழியைப் பாருங்கள்.

20. "மனு கொடுத்து மாசக்கணக்காச்சு, பதிலே இல்லை. கோர்ட்டுக்குப் போகணுமா, எங்க போகணும்?"

முதலில் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு உங்கள் கோப்பின் குறிப்புப் பக்கங்களைக் கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். கோப்பு யாரிடம் நிற்கிறது, என்ன காரணம் எழுதியிருக்கிறார்கள் என்பது அதில் தெரிந்துவிடும். அரசு வழக்கறிஞரின் கருத்து கேட்கப்பட்டு அது உங்களுக்குச் சாதகமாகவே இருந்தும் கோப்பு உறங்குவது உண்டு.

அதற்குப் பிறகும் அசையாவிட்டால் அரசியலமைப்பு 226-ஆம் பிரிவில் உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை (ரிட்) மனு. சேலம் மாவட்டம் சென்னை முதன்மை அமர்வுக்கு உட்பட்டது, மதுரைக் கிளைக்கு அல்ல. "மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுக" என்று மட்டும் கேட்டால் அதிகாரி ஒரு வரியில் நிராகரித்துவிடுவார், திரும்ப முதலிலிருந்து போக வேண்டும். 54-பி(1), (3)-இன்படி காரணங்களோடு ஆணை, குறைத்தால் (5)-இன் அறிவிப்பு, காலக்கெடு, தாமதத்துக்கு வட்டி என்று கோரிக்கையைக் கூர்மையாக்குங்கள். நினைவூட்டுக் கடிதங்களை எழுதிக்கொண்டே இருப்பதால் தாமதம் மன்னிக்கப்படாது என்று (2008) 10 எஸ்.சி.சி. 115-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஒரு முழுமையான மனு, ஒரு நினைவூட்டல், பிறகு நீதிமன்றம். பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி உண்டு. மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் விண்ணப்பித்தால் உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவுக்கு அனுப்புவார்கள்.

21. "என்கூட சேர்ந்தவங்க எல்லாம் புரமோஷன்ல போயிட்டாங்க. அதுக்கும் பாக்கி கேக்கலாமா?"

கேட்கலாம், ஆனால் தனி மனுவாக. வழக்கு நிலுவையால் பதவி உயர்வுக்கான பெயர்ப்பட்டியலில் விடுபட்டவர் முழுமையாகக் குற்றமற்றவர் என்று வந்தால், உரிய தேதியிலிருந்து பதவி உயர்வு தரவேண்டும் என்கிறது (1991) 4 எஸ்.சி.சி. 109. துறையே ஒதுக்கிவைத்த காலத்துக்கு, வேலை செய்யாதவருக்குச் சம்பளமில்லை என்ற வாதம் பொதுவாக எடுபடாது என்றும் அதில் இருக்கிறது. சந்தேகத்தின் பலனில் விடுதலை, ஊழியராலேயே தாமதம் ஆகியவை இருந்தால் பண நிலுவையை அதிகாரி குறைக்கலாம். மூத்த நிலையையும் கருத்தியல் ஊதிய நிர்ணயத்தையும் முதலில் வாங்குங்கள். இளையவர் பதவி உயர்வு பெற்ற ஆணையின் நகலும், அந்தத் தேதியில் நீங்கள் துறைத் தேர்வுகளில் தேறியிருந்ததற்கான பணிப்பதிவேட்டுப் பக்கமும் இல்லாமல் இந்த மனு நகராது.